பதினோரு நிமிடம் நான்கு விநாடி

எங்கள் வளாகத்தில் மாடிப்படிக்குக் கீழே இரண்டு கடைகள் உண்டு. ஒன்று என் ஜெராக்ஸ் கடை, மற்றது டிஸ்க் அக்காவின் கடை. நடுவில் கழுத்து உயரத்துக்கு ஒரு பிளைவுட் தடுப்பு. பதினாறு வருடமாக அவள் தும்மினால் எனக்குக் கேட்கும், நான் பொய் சொன்னால் அவளுக்குக் கேட்கும். என்னைவிட ஆறு வயது இளையவள். ஊரே அக்கா என்பதால் நானும் அக்கா என்றே கூப்பிடுவேன், அவள் என்னை அண்ணே என்பாள். இந்த உறவுமுறையைக் கேட்டுக் குழம்பாத வாடிக்கையாளர் இல்லை.

செத்துப்போன பென் டிரைவ், மெமரி கார்டு, ஹார்ட் டிஸ்க் ஆகியவற்றைச் சரிபார்த்து, உள்ளே இருந்ததை மீட்டுக் கொடுப்பது அவள் தொழில். முதலில் ஒரு போட்டோ ஸ்டூடியோவில் பிரிண்ட் போடும் வேலையில்தான் இருந்தாள். ஒருநாள் ஸ்டூடியோவின் டிஸ்க் படுத்துவிட்டது. முதலாளி தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தபோது, இவள் நான்கு நாள் மல்லுக்கட்டி அத்தனை படத்தையும் மீட்டுவிட்டாள். அழித்தது எதுவும் உண்மையில் அழிவதில்லை, பெயர்தான் போகிறது, பொருள் உள்ளேயே கிடக்கிறது என்பதை அன்றைக்குக் கண்டுகொண்டாள். பிறகு அதுவே அவளுக்குச் சோறு போட்டது.

சந்தேகம் அவளோடு கூடப் பிறந்தது. "தானா அழிஞ்சுடுச்சுங்க" என்று யாராவது வந்து நின்றால், கண்ணாடிக்கு மேலாக ஒரு பார்வை பார்ப்பாள். "தானா ஒண்ணும் அழியாது. யாரு கை பட்டுச்சுன்னு சொல்லுங்க." எத்தனை கணவன்மார் அந்தப் பார்வைக்குப் பயந்து எச்சில் விழுங்கியிருக்கிறார்கள்! ஒருமுறை அவளுக்கு வரன் பார்த்து ஒரு போட்டோ அனுப்பினார்கள். அதைத் திரையில் பெரிதாக்கிப் பார்த்தவள், மாப்பிள்ளையின் மோதிர விரலில் வெளுத்துப்போன வளையத்தைக் கண்டுபிடித்தாள். விசாரித்தால், ஏற்கெனவே கல்யாணம் ஆனவர். அதற்குப் பிறகு அவளுக்கு வரன் பார்க்கும் தைரியம் யாருக்கும் வரவில்லை.

அவள் வேலைக்கு ஒரு விதி வைத்திருந்தாள். மீட்ட வீடியோ எதுவானாலும் முதல் பத்து விநாடி, கடைசிப் பத்து விநாடி, அவ்வளவுதான் பார்ப்பாள். இரண்டும் ஓடினால் நடுவிலும் ஓடும் என்பது அவள் கணக்கு. "நடுவுல இருக்கறது அவங்க வீட்டு விஷயம். எனக்கெதுக்குண்ணே அந்தப் பாவம்?" என்பாள்.

இன்னொரு பழக்கமும் உண்டு. பழுது பார்த்த பென் டிரைவில் சோதனைக்காகத் தன்னுடைய ஒரு வீடியோவை ஏற்றி, சரியாக ஓடுகிறதா என்று பார்த்து, அழித்துவிட்டுத்தான் திருப்பிக் கொடுப்பாள். எப்போதும் அதே வீடியோதான். தடுப்புக்கு மேலாக நானும் பலமுறை பார்த்திருக்கிறேன். ஒரு கட்டில், அதில் படுத்திருக்கும் ஒருவர், சுவரில் சுழலும் மின்விசிறியின் நிழல். அது அவள் அம்மா. எனக்கு அது தெரியும். அதையே ஏன் போடுகிறாள் என்று கேட்டதில்லை. தினமும் பத்து விநாடி அம்மாவைப் பார்க்க அவளுக்கு ஒரு சாக்கு வேண்டியிருந்தது என்று நானாகவே நினைத்துக்கொண்டேன்.

அம்மாவுக்குப் பக்கவாதம். பேச்சு போய்விட்டது, தானாகத் திரும்பிப் படுக்கக்கூட முடியாது. காலையில் இவள் எல்லாம் செய்து வைத்துவிட்டுக் கடைக்கு வருவாள். இரண்டு மணிக்கு எதிர்வீட்டு அம்மாள் ஒருமுறை எட்டிப் பார்ப்பாள். அலமாரி மேல் ஒரு மலிவான கேமரா, கட்டிலைப் பார்த்தபடி. அது பதினோரு நிமிடத் துண்டுகளாகப் பதிவு செய்துகொண்டே இருக்கும், இடம் நிறைந்தால் பழையதன் மேலேயே எழுதும். மூன்று வருடத்துக்கு முன் ஒருநாள் பன்னிரண்டே கால் மணிக்கு அந்தப் பகுதியில் மின்சாரம் போய்விட்டது, கேமராவும் அதோடு நின்றுவிட்டது. இரண்டு மணிக்கு எதிர்வீட்டு அம்மாள் போனபோது, உடம்பில் உயிர் இல்லை.

அவளுக்குச் சொந்தம் என்று மிஞ்சியது ஒரே ஓர் அண்ணன். டவுன் பஸ் டிரைவர். அன்றைக்கு அவன் வந்ததும் இவள் வெடித்துவிட்டாள்.

"கடைசி நேரத்துல தொண்டைய நனைக்க ஒரு ஆளு இல்லாமப் போயிட்டாங்களே! பெத்த புள்ள ஒரு நாளாவது வந்து பாத்தியா?"

"மத்தியானம் வந்துட்டுதான்மா போனேன்" என்றான் அவன்.

"பொய் சொல்லாத. கேமரா இருக்கு. பாத்துட்டேன். நீ அதுல இல்ல."

அவன் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டான். பத்துப் பேர் பார்க்க நடந்தது இது, நானும் இருந்தேன். அன்றிலிருந்து பேச்சு வார்த்தை கிடையாது. நான் சமாதானம் பேசப் போகும்போதெல்லாம் அவளிடம் ஒரே பதில்தான். "வந்தவன்னா எதுக்குண்ணே தலையத் தொங்கப் போட்டான்?"

அவன் ஓட்டும் பஸ் எங்கள் தெரு வழியாகத்தான் போகும். வளாகத்துக்கு முன்னால் வரும்போது தேவையே இல்லாமல் ஒரு பிரேக் விழும். அவள் உடனே கீழே குனிந்து எதையோ தேடுவாள். இப்படியே மூன்று வருடம் ஓடியது. போன மாதம் அவன் என் கடைக்கு வந்து ஒரு சாவியை வைத்தான். மாதக் கடைசியில் ஓய்வு, பிறகு கடல் தாண்டியிருக்கும் மகளிடமே போய்விடப் போகிறானாம். "அம்மா வீட்டுச் சாவி. அவகிட்ட குடுத்துடுங்க. இனி நான் வரப்போறதில்ல" என்றான். அவள் அதைத் தொடக்கூட இல்லை. சாவி என் கடை ஆணியில் தொங்கியது. அண்ணன் போய்விட்டால் அவளுக்கு ஏன் என்று கேட்க ஆள் இல்லை என்ற கவலை, அவளுக்கு இருந்ததோ இல்லையோ, எனக்கு இருந்தது.

இந்த நேரத்தில்தான் இணையத்தில் அந்தப் பேய்க்கதை கிளம்பியது.

என் மனைவி பள்ளிக்கூட அலுவலகத்தில் வேலை செய்கிறாள். சாப்பிடும்போது போனை நீட்டி, "இதப் பாருங்க, உங்க ஊர்ப் பேய்" என்றாள். அழிந்த படங்களை மீட்கிறேன் என்று யாராவது தங்கள் பென் டிரைவைத் துழாவினால், பெயரே இல்லாத ஒரு ஃபைல் கிடைக்கிறதாம். யாரும் வைத்தது இல்லையாம். பதினோரு நிமிடம் நான்கு விநாடி. கட்டிலில் ஒரு நோயாளி. மூன்றாவது நிமிடம் தலையில்லாத ஒருவன் உள்ளே வருவான். நோயாளியின் வாயில் எதையோ ஊற்றுவான், அவர் திணறுவார், அவன் கையைப் பிடித்துத் தள்ளப் பார்ப்பார். ஒன்பதாவது நிமிடம் அவன் போய்விடுவான். இத்தோடு நின்றதா? யாருக்குச் சாவு நெருங்கிவிட்டதோ அவருக்கு மட்டும் பன்னிரண்டாவது நிமிடமும் ஓடுமாம். அதைப் பார்த்தவர் எவரும் உயிரோடு திரும்பவில்லையாம். அப்படியானால் இதைச் சொன்னது யார் என்று நான் கேட்டேன். "எல்லாத்துக்கும் ஒரு குதர்க்கம்" என்றாள்.

ஆயிரக்கணக்கானவர்கள் அதைப் பற்றி எழுதிக் குவித்திருந்தார்கள். ஒருவர் அந்த மின்விசிறியின் சத்தத்தைப் பின்னோக்கி ஓடவிட்டு அதில் மந்திரம் கேட்கிறது என்றார். இன்னொருவர் அதை வைத்திருந்த வாரமே தன் குளிர்சாதனப் பெட்டி கெட்டுவிட்டது என்றார். கேட்டால் சிரிப்புத்தான் வரும். ஆனால் வீடியோவைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் கட்டிலை எனக்குத் தெரியும்.

அன்றிரவெல்லாம் யோசித்தேன். ஃபைல் கிடைத்ததாகச் சொன்னவர்களில் மூன்று பேரை நான் அறிவேன். ஒரு போட்டோகிராபர், ஓர் இன்சூரன்ஸ் ஏஜென்ட், என் மனைவியோடு வேலை செய்யும் ஒரு கிளார்க் அம்மாள். மூன்று பேரும் டிஸ்க் அக்காவிடம் பென் டிரைவ் கொடுத்தவர்கள். இவளே வேண்டுமென்று போடுகிறாளா? போனின் சின்னத் திரையில் நிழலாகத் தெரிந்த அந்தத் தலையில்லாதவன் யார்? மின்சாரம் போனதாகச் சொன்னதெல்லாம் உண்மைதானா? பதினாறு வருடப் பழக்கம், ஒரே நாளில் அவள் மேல் எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. சொல்லவே வெட்கமாக இருக்கிறது. மறுநாள் ஒரு புதுப் பென் டிரைவை எடுத்துப்போய், வேலை செய்யவில்லை என்று சொல்லி அவளிடம் கொடுத்தேன். நான் பொய் சொன்னால் அவளுக்குத் தெரியும் என்றேனே, அன்று எப்படியோ தெரியவில்லை. சாயங்காலம் சரியாக இருக்கிறதென்று திருப்பிக் கொடுத்தாள். வீட்டில் என் மனைவி ஏதோ ஒரு மென்பொருளைப் போட்டுத் துழாவினாள். வந்து நின்றது, பதினோரு நிமிடம் நான்கு விநாடி.

காலையில் கடை திறந்ததும் தடுப்புக்கு மேலே பென் டிரைவை நீட்டினேன்.

"அக்கா, இதுக்குள்ள என்ன போட்டீங்க?"

"ஒண்ணும் போடல. ஏன்?"

"பேய்ப்படம் போட்டிருக்கீங்க. ஊரே பயந்து கிடக்கு."

அவளுக்குத் தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை. இணையப் பக்கம் போகிற பழக்கமே அவளுக்கு இல்லை, அங்கே எல்லாம் பொய் என்பது அவள் கட்சி. என் போனில் காட்டினேன். ஒரு கணம் பார்த்தாள். முகம் சுருங்கியது.

"இது என் டெஸ்ட் வீடியோ. நான் அழிச்சுட்டுத்தானே குடுப்பேன்..." என்று ஆரம்பித்தவள், பாதியில் நிறுத்தித் தலையில் அடித்துக்கொண்டாள். "அழிச்சது அழியாதுன்னு சொல்லியே சோறு திங்கறவ நான். எனக்கு இது தோணலையேண்ணே!"

ஊருக்கெல்லாம் சகுனம் சொன்ன பல்லி கழுநீர்ப் பானையில் விழுந்த கதைதான். நானும் சிரித்துவிட்டேன். அவள் மேல் பட்ட சந்தேகம் போன சந்தோஷம் அது. அந்தச் சந்தோஷத்தில்தான் கேட்டுவிட்டேன்.

"அது சரி, அந்தத் தலையில்லாதவன் யாரு?"

"எவன்?"

"மூணாவது நிமிஷம் வரானே."

"அதுல யாரும் வரமாட்டாங்க. அம்மா மட்டும்தான்."

"நீங்க பாத்திருக்கீங்களா?"

நான் ஏதோ சதி செய்கிறேன் என்பதுபோல் என்னைப் பார்த்தாள். பிறகு தன் திரையில் வீடியோவைப் போட்டாள். முதல் பத்து விநாடி. கை வழக்கம்போலக் கடைசிப் பத்துக்குத் தாவப் போனது. நிறுத்திக்கொண்டாள். நான் தடுப்பைச் சுற்றிப் போய் அவள் பின்னால் நின்றேன்.

மூன்றாவது நிமிடம் ஒருவன் வந்தான். கட்டிலைப் பார்த்துச் சாய்த்து வைத்த கேமரா என்பதால் கழுத்துக்கு மேல் தெரியவில்லை. மற்றதெல்லாம் அந்தப் பெரிய திரையில் தெளிவாகத் தெரிந்தது. காக்கிச் சட்டை. ஸ்டீயரிங்கில் கைவைத்தபடியே மணி பார்ப்பதற்காக, உள்பக்கம் திருப்பிக் கட்டிய வாட்ச். தலை தெரிந்திருந்தால்கூட எனக்கு அவ்வளவு நிச்சயமாகத் தெரிந்திருக்காது. அவன் அம்மாவின் முதுகில் கைகொடுத்துப் புரட்டி, சுவரைப் பார்த்துக் கிடந்தவளைத் தன் பக்கம் திருப்பினான். ஸ்பூனால் தண்ணீர் கொடுத்தான்.

டிஸ்க் அக்கா முழுவதையும் பார்த்தாள். முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து போட்டாள். மூன்று தடவை. அதன் பிறகுதான் பேசினாள்.

"முதல் பத்துல முகம் சுவத்துப் பக்கம். கடைசிப் பத்துல கதவுப் பக்கம். தானாத் திரும்ப முடியாதவங்கண்ணே அவங்க. மூணு வருஷமா தினம் தினம் இந்த ரெண்டையும் பாக்கறேன். கட்டம் கட்டமா உடையுதா, நிறம் போகுதான்னுதான் பாத்தேன். அம்மாவப் பாக்கல."

"ஏன் அக்கா அன்னிக்கே முழுசாப் பாக்கல?"

"பயமா இருந்துச்சு. கரண்ட் போறதுக்கு முன்னாடி பதிவான கடைசித் துண்டு அதுதான். அம்மா சாகறது அதுல வந்துடுமோன்னு. ஓடுதான்னு மட்டும் பாத்தேன். பாத்துட்டேன்னு அவன்கிட்ட சொல்லிட்டேன்." அவள் அழுதாள். அவள் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. அம்மா போன அன்றைக்குக்கூட அவள் சண்டைதான் போட்டாள்.

ஆனாலும் பிறவிக்குணம் எங்கே போகும்? கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வந்தவன் எதுக்குண்ணே தலையத் தொங்கப் போட்டான்?" என்று மறுபடி கேட்டாள். முன்பு அது குற்றச்சாட்டு. இப்போது நிஜமாகவே தெரியாமல் கேட்டாள். அவனிடமே கேளுங்கள் என்றேன். மாதம் முடிய நான்கு நாள்தான் இருந்தது.

மறுநாள் பதினொன்றரை மணி பஸ்ஸில் இருவரும் ஏறினோம். தனியாகப் போக மாட்டேன் என்று என்னையும் இழுத்துக்கொண்டு வந்தாள். கடையை அப்படியே போட்டுவிட்டு வந்தேன். அவள் மடியில் லேப்டாப், என் சட்டைப் பையில் ஆணியிலிருந்து எடுத்த சாவி. டிரைவர் கண்ணாடியில் எங்களைப் பார்த்துவிட்டான். அதற்குப் பிறகு போட்ட பிரேக் ஒவ்வொன்றும் கோணலாகவே விழுந்தது.

கடைசி நிறுத்தம் அம்மா வீட்டிலிருந்து இரண்டு தெருதான். அங்கே பஸ் கால் மணி நேரம் நிற்கும். அந்தக் கால் மணி நேரத்தில்தான் அவன் அன்றைக்குப் போய் வந்திருக்கிறான். எல்லோரும் இறங்கினார்கள். அவன் எஞ்சினை நிறுத்திவிட்டு முன்கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"அண்ணா, நீ அன்னிக்கு வந்தே" என்றாள்.

"யாரு சொன்னா?"

"கேமரா. அன்னிக்கு நான் முழுசாப் பாக்கல. பாக்காமயே பாத்தேன்னு சொல்லிட்டேன்."

அவன் கோபப்படுவான் என்று எதிர்பார்த்தேன். நானாயிருந்தால் கூரையைப் பிய்த்திருப்பேன். அவனுக்கோ முகம் வெளிறிவிட்டது.

"இப்போ முழுசாப் பாத்துட்டியா?"

"பாத்துட்டேன்."

"அப்போ எல்லாம் தெரிஞ்சுபோச்சு. கேக்கத்தான் வந்தியா?" ஸ்டீயரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். "தண்ணி குடுத்தேன், இருமினாங்க. வண்டிக்கு நேரமாச்சுன்னு ஓடியாந்துட்டேன். ரெண்டு மணிக்குப் போன் வருது. நான் குடுத்த தண்ணிதான் மூச்சுக்குழல்ல போயிடுச்சு, நான்தான் கொன்னுட்டேன்னு அப்பவே தெரிஞ்சுது. நீ கேமரா இருக்குன்னு சொன்னதும் உசுரே போச்சு. அதுல நீ இல்லன்னு சொன்னே பாரு, அப்பாடான்னு இருந்துச்சு. பெத்தவ பொணமாக் கிடக்கா, எனக்கு அப்பாடான்னு இருக்கு. அப்புறம் எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு உன்கிட்ட பேசறது?"

தலையைத் தொங்கப் போட்டதற்குக் காரணம் அதுதான். இணையத்தில் ஆயிரம் பேர் எந்த முடிவுக்கு வந்தார்களோ, அதே முடிவுக்கு அவன் மூன்று வருடம் முன்பே தனியாக வந்து சேர்ந்திருந்தான்.

டிஸ்க் அக்கா எழுந்து போய் எஞ்சின் மூடியின் மேல், அவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். லேப்டாப்பைத் திறந்து வைத்தாள்.

"அவங்க இருமினத மட்டும்தான் நீ பாத்தே. நான் மிச்சத்தையும் பாத்தேன். இருமிட்டு மறுபடி வாயத் திறந்தாங்க, நீ மூணாவது ஸ்பூன் குடுத்தே. அது உள்ள போச்சு, தொண்டை அசையறது தெரியுது. உன் கையத் தள்ளல, புடிச்சுக்கிட்டாங்க. நீ போனதுக்கப்புறமும் ரெண்டு நிமிஷம் பதிவாகியிருக்கு அண்ணா. அத நீ பாக்கவே இல்ல."

"அதுல என்ன இருக்கு?"

"மூச்சு விடறாங்க. இருமல் இல்ல, திணறல் இல்ல. நெஞ்சு ஏறி இறங்கறத எண்ணினேன். முப்பத்தி நாலு தடவை. ரெண்டு தடவை எண்ணிப் பாத்தேன், முப்பத்தி நாலுதான். நீ போன கதவையே பாத்துக்கிட்டு நிம்மதியாப் படுத்திருக்காங்க. அதுக்கப்புறம் எப்பப் போனாங்களோ, எனக்குத் தெரியாது. ஆனா உன் தண்ணியால போகல."

எதையும் யாரையும் நம்பாத இவள் சொன்னால், அதில் சந்தேகப்பட ஒன்றுமில்லை. அது அவனுக்கும் தெரியும். அவள் வீடியோவைக் கடைசி இரண்டு நிமிடத்துக்கு நகர்த்தினாள். தலையில்லாதவன் போனபின் ஒன்றும் நடக்காது என்று இணையத்தில் எல்லோரும் தாண்டிப் போகும் இடம் அது. அவன் குனிந்து, உதடு அசைய எண்ணத் தொடங்கினான். இருபதுக்கு மேல் அவனால் எண்ண முடியவில்லை. அவள் தொடர்ந்து எண்ணினாள்.

முடிந்ததும், "இன்னொரு தடவ போடு" என்றான்.

பஸ் கிளம்பும் நேரம் தாண்டிவிட்டது. பின்னால் வந்து நின்ற வண்டி ஹாரன் அடித்தது. நேரம் குறிப்பவர் விசிலை ஊதிக்கொண்டே வந்தார். நான் படியிலிருந்து இறங்கி அவரை மறித்தேன்.

"என்னாச்சு? ஏன் வண்டி எடுக்கல?"

"பிரேக்ல ஏதோ கோளாறாம். பாத்துக்கிட்டிருக்காங்க" என்றேன்.

நான் பொய் சொன்னது உள்ளே அவளுக்குக் கேட்டிருக்கும். அவள் எண்ணுவதை நிறுத்தவில்லை.